முதலில் உட்கார்ந்தவள்

ஐயாசாமிக்கு மனுஷ முகத்தைப் படம் பிடிக்கத் தெரியாது என்பது பெல் மார்கரித் கரும்புத் தோட்டத்துக் கூலிக்காரர்கள் குடியிருக்கிற காம்பு முழுக்கத் தெரிந்த சங்கதி. கையில் என்னமோ அருமையான சினிமாப் பெட்டி இருக்கிறது, பித்தளைக் கைப்பிடி, லென்சு எல்லாம் வைத்து. அதைத் தூக்கிக்கொண்டு போய் அந்த மனுஷன் எதைப் பிடிக்கிறான்? கால். கை. கரும்புச் சோகை தரையில் இழுபட்ட தடம். கரும்பு வண்டி இழுக்கிற கோவேறு கழுதையின் குளம்பு. "கல்யாணத்துக்குக் கூப்பிட்டாலும் இவன் மாப்பிள்ளையோட செருப்பைத்தான் பிடிப்பான்" என்று சொல்லிச் சிரிக்காத ஆள் அந்தக் காம்பில் கிடையாது.

நியாயமாகப் பார்த்தால் தப்பு அவன் பேரில் இல்லை. ஆரம்பத்தில் அவனும் முகத்தைத்தான் கேட்டான். ஒருத்தர் கொடுக்க வேண்டுமே! கப்பல் ஏறி வந்த காலத்தில் இவர்களைப் பெற்றவர்களை வரிசையாக நிற்க வைத்துப் போட்டோ பிடித்தார்கள். அதைப் பாசில் ஒட்டிக் கொடுத்தார்கள். அந்தப் பாஸ் இல்லாமல் ரோட்டில் நடந்தவனைப் போலீஸ் பிடித்து உள்ளே தள்ளியது. பாஸ் ஒழிந்து எவ்வளவோ வருஷம் ஆயிற்று, பயம் மட்டும் ஒழியவில்லை. "மூஞ்சி எல்லாம் வேண்டாம்ப்பா, ஆபீஸ்ல கொண்டுபோய் ஒட்டிருவாங்க. காலு கையின்னா எடுத்துக்கோ" என்றார்கள். அவனும் சரி என்றான். எடுக்க எடுக்க அவனுக்கு அதுவே பிடித்துப்போய்விட்டது. காலைப் பார்த்தால் ஆளின் வயசும் அலுப்பும் குணமும் தெரிகிறது, முகம் பொய் சொல்லும், கால் சொல்லாது என்று பெண்டாட்டியிடம் சொல்வான். அவள், "கால் சொல்லாதுதான், உதைக்கும்" என்பாள்.

அவள் பெயர் கண்ணம்மா. தோட்டத்தில் கரும்புக்கட்டு தூக்குகிற வேலை. அவள் வேலையினால்தான் காம்பில் அந்த ஒற்றை அறை வீடும், பின்னால் தகரம் போட்ட அடுப்படியும் அவர்களுக்கு. அவன் ரோஸ் ஹில்லில் ஒரு சினிமாக் கொட்டகையில் மெஷின் ஓட்டுகிறவன். வியாழன் முதல் ஞாயிறு வரைக்கும் படம், மற்ற நாள் சும்மா. பக்கத்து ஊர் சேன் பியேரிலிருந்து ரயிலில் போய் வருவான். பெட்டி, ரோஸ் ஹில் மருந்துக்கடை முதலாளி பிரான்சுக்குத் திரும்பும்போது மெஷின்காரனாயிற்றே என்று அவன் கையில் கொடுத்துவிட்டுப் போனது. கையால் சுற்றுகிற பெட்டி, கூடவே சுவரில் படம் போட்டுக் காட்டுகிற ஒரு சின்னக் கைமெஷின். காவடி மேளத்தை மனசுக்குள்ளே அடித்துக்கொண்டு அந்தக் கணக்கில் சுற்றுவான், ஒரு சுற்றுக் கூடாது, குறையாது. எடுத்த ஃபிலிமை அடுப்படியிலேயே மருந்துத் தண்ணீரில் ஊறவைத்துக் கழுவுவான். அதனால் அந்த வீட்டு ரசத்துக்கு, அங்கே ரசோன் என்பார்கள், ஒரு தனி வாசனை உண்டு என்று பக்கத்து வீட்டுப் பூங்காவனம் சொல்வாள்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். இவர்கள் பேசினது முக்கால்வாசி கிரியோல், பிரெஞ்சு சிதைந்து உண்டான அந்தத் தீவுப் பேச்சு. தமிழ் கோயிலுக்கும் கோபத்துக்கும்தான். நான் எல்லாவற்றையும் தமிழிலேயே சொல்கிறேன். கண்ணம்மா புருஷனை நீ, வா, போ என்றுதான் பேசுவாள், கிரியோலில் பேசிப் பழகின வாய். அதை மரியாதையாக மாற்றிப் போட்டால் எனக்கே சிரிப்பு வரும்.

நடந்தது ஆயிரத்துத் தொளாயிரத்து முப்பத்தெட்டு, ஜூலை மாசம். கரும்பு வெட்டு ஆரம்பித்து மூன்று வாரம். சேன் பியேர் பக்கத்து ஜூலையைப் பற்றித் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: மலைத் தலையில் மேகம் உட்கார்ந்தால் எழுந்திருக்காது. தூறலா பனியா என்று தெரியாத ஒரு ஈரம். விடிவதற்கு முன்னே பெண்கள் சாக்கைக் கிழித்துக் கணுக்காலிலிருந்து முழங்கால் வரை சுற்றிக் கட்டிக்கொண்டு கிளம்புவார்கள். சோகை அறுக்காமல் இருப்பதற்கு. தூக்குவாளியில் சோறும், முருங்கைக்கீரைத் தண்ணிக் குழம்பும், ஒரு துண்டு உப்புமீனும்.

அந்தத் தோட்டத்தில் ஒரு ஏற்பாடு இருந்தது. கைக்குழந்தைக்காரிகள் பிள்ளைகளை வயலோரத்து மரத்தடிக்குக் கொண்டுவந்துவிடுவார்கள். கிளையில் வரிசையாகத் தூளி தொங்கும். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள தெய்வானை என்று ஒருத்தி. வலது கை விளங்காது அவளுக்கு, இடது கையாலேயே ஆறு தூளி ஆட்டுவாள். அந்த வருஷம் ஆள் போதவில்லை என்று அவளையும் சிந்தின கரும்பு பொறுக்க வயலுக்குள் அனுப்பிவிட்டார்கள். சிர்தார் ராமசந்திரன், வயலில் ஆட்களை மேய்க்கிறவன், "பிள்ளைங்க தூங்கத்தானே போவுது, தூங்கறதுக்கு ஆள் எதுக்கு?" என்றான். அவனுக்கும் மூன்று பிள்ளை. தூங்குகிற பிள்ளையை மட்டும்தான் பார்த்திருப்பான் போலிருக்கிறது.

அந்தத் திங்கட்கிழமை காலை பத்து மணி இருக்கும். யொலாந்த் என்ற கிரியோல்காரியின் ஒன்பது மாசப் பிள்ளை தூளியிலிருந்து நழுவி இறங்கி, தவழ்ந்து, ஆலைக்குக் கரும்பு கொண்டுபோகிற குட்டி ரயிலின் தண்டவாளத்துக்கே வந்துவிட்டது. ரயில்காரன் பார்த்துவிட்டான், நிறுத்திவிட்டான், பிள்ளைக்கு ஒன்றுமில்லை. யொலாந்த் ஓடிவந்து தூக்கினாள். தூக்கி வைத்துக்கொண்டு அழுதுகொண்டே நின்றாள்.

சிர்தார் அப்போது வயலின் மறு கோடியில் இருந்தான். ரயில்காரன் மறுபடி விசில் கொடுத்தான். அப்போதுதான் கண்ணம்மா தலையில் இருந்த கட்டைக் கீழே போட்டாள். நடந்துபோய் ரயிலுக்கு முன்னால் தண்டவாளத்தின் மேல் உட்கார்ந்தாள். பிள்ளை குட்டி இல்லாதவள். அந்த மரத்தில் அவளுக்கு ஒரு தூளியும் கிடையாது. அவள் உட்கார்ந்ததைப் பார்த்துப் பூங்காவனம் உட்கார்ந்தாள். பிறகு பிள்ளையோடு யொலாந்த். பிறகு ஒருத்தி, இன்னொருத்தி என்று பதினேழு பேர். யாரும் கோஷம் போடவில்லை. தெய்வானை மரத்தடிக்குத் திரும்ப வேண்டும், அவ்வளவுதான் பேச்சு.

மூன்று மணி நேரம். ஆலையில் கரும்பு இல்லாமல் உருளை நின்றுபோயிற்று. கடைசியில் நிர்வாகி முசியே ஆன்றி குதிரையில் வந்தார், பார்த்தார், தெய்வானையை மரத்தடிக்குப் போகச் சொன்னார். பெண்கள் எழுந்து பின்பக்கத்து மண்ணைத் தட்டிவிட்டுக்கொண்டு வேலைக்குப் போனார்கள்.

ஜெயித்தாயிற்று என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். சாயந்திரம் காம்பில் வந்து சிர்தார் கத்தினான்: "முதல்ல உட்கார்ந்தது யாருன்னு முசியே கேக்கறார். அந்தக் குடும்பம் ஞாயித்துக்கிழமைக்குள்ள வீட்டைக் காலி பண்ணணும். மத்தவங்களை மன்னிச்சாச்சு."

யாரும் வாய் திறக்கவில்லை. ரயில்காரனைக் கேட்டதற்கு, தான் பின்னால் திரும்பி நீராவி பார்த்துக்கொண்டிருந்ததாகச் சொல்லிவிட்டான். நல்லவன்.

ஆனால் தண்டவாளத்தை ஒட்டின மேட்டின் மேல் ஒரு ஆள் பெட்டியைச் சுற்றிக்கொண்டு நின்றதைச் சிர்தார் தூரத்திலிருந்தே பார்த்திருந்தான். செவ்வாய்க்கிழமை சாயந்திரம் நேரே ஐயாசாமி வீட்டு வாசலில் வந்து நின்றான்.

"ஐயாசாமி, படம் பிடிச்சியாமே."

"பிடிச்சேன், அண்ணே. வெறும் காலுதான்."

"காலுன்னா காலு. முதல்ல வந்த காலு எதுன்னு தெரியும்ல? இந்தக் காம்புல எந்தக் காலு யாருதுன்னு எனக்குத் தெரியாதா? ஞாயித்துக்கிழமை காலைல பத்து மணிக்குச் சாக்குக் கிடங்குல போட்டுக் காட்டணும். முசியேவே வர்றார்."

"ஃபிலிம் கெட்டுப்போச்சுன்னா?"

"கெட்டுப்போச்சுன்னா நீ மறைக்கறேன்னு அர்த்தம். அப்புறம் காலி பண்றது உன் வீடுதான்." போகிறபோது குரலைத் தாழ்த்தினான். "எனக்கும் பிழைப்பு இருக்குப்பா. கோவிச்சுக்காதே."

காட்டினாலும் வீடு போகும், காட்டாவிட்டாலும் வீடு போகும். ஐயாசாமி அடுப்படியில் போய் உட்கார்ந்தான். முந்தின நாளே கழுவிக் காயவைத்த ஃபிலிம் கொடியில் தொங்கிக்கொண்டிருந்தது. விளக்கில் பிடித்துப் பார்த்தான். இரண்டு வருஷமாக எத்தனையோ எடுத்திருக்கிறான், இதுபோல ஒன்று விழுந்ததில்லை. வெறும் தண்டவாளம். அதன் மேல் சாக்கு சுற்றின இரண்டு கால் வந்து நின்று, மடங்கி, உட்காருகிறது. அவன் பெட்டியைத் தள்ளிக்கொண்டே போகப் போக அடுத்த கால், அடுத்த கால். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது அவனுக்கு. பெருமையாலா பயத்தாலா என்று கேட்டால் அவனுக்கே தெரியாது.

மெஷின்காரனுக்கு அறுந்த ஃபிலிமை ஒட்டுவது தினசரி வேலை. பிளேடை எடுத்தான். கண்ணம்மாவின் கால் வருகிற துண்டை வெட்டி எடுத்தான். மீதியின் இரண்டு முனையையும் சுரண்டி, பசை தடவி, ஒட்டிவிட்டான். ஒட்டினது தெரியவில்லை. புதன்கிழமை அவள் வேலை விட்டு வந்து, குளித்து, தேத்தண்ணி குடித்ததும், அடுப்படிச் சுவரில் வேட்டியைக் கட்டி, கைமெஷினுக்குள் எண்ணெய் விளக்கை வைத்துப் போட்டுக் காட்டினான்.

அவள் முழங்காலைக் கட்டிக்கொண்டு பார்த்தாள். முடிந்தது.

"நான் எங்கே?"

"உன்னை எடுத்துட்டேன்."

"எடுத்துட்டேன்னா?"

"வெட்டிட்டேன். இனிமே உன்னை எவனும் ஒண்ணும் சொல்ல முடியாது."

"அப்போ இதுல முதல்ல வர்ற காலு யாருது?"

அவளுக்குத் தெரிந்துதான் கேட்கிறாள். இடது பாதத்தில் சுண்டுவிரல் சற்று விலகியிருக்கிற கால், பூங்காவனத்தின் கால்.

"அஞ்சு பிள்ளை இருக்கு அவளுக்கு" என்றாள் கண்ணம்மா. "அஞ்சு! அதுங்களைக் கூட்டிக்கிட்டு அவ ரோட்டுக்குப் போகணும், நான் இங்க உட்கார்ந்து ரசோன் வைக்கணும். அப்படித்தானே? வெக்கமா இல்ல உனக்கு?"

"உனக்காகத்தான்டி செஞ்சேன்."

"எனக்காகச் செய்யாதே! என்னைக் கேக்காம எனக்காக எதையும் செய்யாதே!"

"சரி, அவளையும் வெட்டிடறேன்."

"அப்புறம் யொலாந்த் வருவா. அவளை வெட்டு. அப்புறம் அடுத்தவ. எல்லாரையும் வெட்டிட்டு வெறும் தண்டவாளத்தைக் காட்டு, முசியே கை தட்டுவார்."

அவனுக்கும் கோபம் வந்தது. "என்னதான் பண்ணச் சொல்றே? யாராச்சும் ஒருத்தி முதல்ல உட்கார்ந்துதானே ஆகணும்? அது நீயா இருந்தது என் குத்தமா? ஒரு நிமிஷம் யோசிச்சியா நீ, உட்காரும்போது?"

"யோசிச்சா யாரு உட்காருவா?" என்றாள் அவள்.

வெளியே தூறல் தகரத்தில் சத்தம் போட்டது. அவள் எழுந்து அடுப்பில் ஒரு விறகைத் தள்ளினாள். அவனுக்குப் பசித்திருக்கும் என்று தெரியும். ஃபராதா ரொட்டி இரண்டு சுட்டு, ருகாய் என்கிற தக்காளிக் குழம்பை ஊற்றி, தட்டைச் சத்தமாக வைத்தாள். கோபம் இருந்தால் தட்டுச் சத்தம் போடும், சோறு நிற்காது, அது அந்த வீட்டு வழக்கம்.

அவன் சாப்பிடச் சாப்பிட அவள் அந்த வெட்டின துண்டை எடுத்து விளக்கில் பார்த்தாள். "இது ஒவ்வொண்ணையும் தனித்தனியா வெட்டலாமா? ஒருத்தி ஒரு துண்டா?"

"வெட்டலாம். எதுக்கு?"

"மாரியம்மனுக்குக் கஞ்சி ஊத்தறதுக்கு வீட்டு முறை எப்படி வைக்கறோம்? என் வீடுதான் முதல், உன் வீடுதான் முதல்னு மண்டை உடையற சண்டை. அதனால பேரெல்லாம் எழுதிக் குடத்துல போட்டுக் குலுக்கறோம். குலுக்கினப்புறம் யாரும் யாரையும் கேக்க முடியாது. இதையும் குலுக்கு."

ஐயாசாமி வாய்க்குக் கொண்டுபோன ஃபராதாவைத் தட்டிலேயே வைத்துவிட்டான். ரோஸ் ஹில் கொட்டகையில் எத்தனை படம் ஓட்டியிருக்கிறான்! எல்லாவற்றிலும் முன்னால் நடந்தது முன்னால் வரும், பின்னால் நடந்தது பின்னால் வரும். படத்தைக் குலுக்குவதாவது! ஆனால் கை அதற்குள் பிளேடைத் தேடிக்கொண்டிருந்தது.

பதினேழு பேர், பதினேழு துண்டு. தண்ணிக் குடத்தைத் துடைத்துக் காயவைத்து அதில் போட்டார்கள். கண்ணம்மா கண்ணை மூடிக்கொண்டு ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தாள், அவன் ஒட்டினான். காலுக்கும் காலுக்கும் நடுவே அவன் முன்னே எடுத்து வைத்திருந்த கை, சோகை, குளம்பு. அவர்கள் எழுந்து மண் தட்டினதையும் துண்டுபோட்டு இடையிடையே சேர்த்தான். பாதியில் அவனுக்கே பதற்றம்.

"கண்ணம்மா, குலுக்கல்ல முதல்ல வந்தவ தலையில விழுமே? யாரு கால் முதல்ல தெரியுதோ அவதான்னு முசியே சொல்லிட்டா?"

அவள் நெற்றியைச் சொறிந்தாள். இந்தத் தடவை அவளுக்கு ஒன்றும் தோன்றவில்லை. அவன்தான் கையில் இருந்த ஃபிலிமின் இரண்டு முனையையும் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு மெதுவாகச் சொன்னான்: "முனையே இல்லாம பண்ணிட்டா?"

"எப்படி?"

"கோயில் மாலை மாதிரி. இந்த முனையை அந்த முனையோட ஒட்டிட்டா வளையம். சுத்திக்கிட்டே இருக்கும். மெஷின்ல முதல்ல சுத்த விட்டுட்டு அப்புறமா வெளிச்சத்தைத் திறக்கறேன். எந்த இடத்துல திறக்குமோ எனக்கே தெரியாது."

அவள் அவனையே பார்த்தாள். பதினோரு வருஷக் கல்யாணத்தில் அப்படி ஒரு பார்வை அவனுக்குக் கிடைத்தது நாலைந்து தடவைதான் இருக்கும்.

"ஒரு துண்டையும் எறியலியே?" என்று கேட்டாள்.

"ஒண்ணையும் எறியலை. பதினேழும் இருக்கு."

"பூங்காவனத்துக்கிட்ட மூச்சு விடாதே. அவ வாயில நிக்காது."

வளையம் ஒன்பது மீட்டர் நீளம். அது தரையில் புரண்டால் கிழியும். யொலாந்த் துணி தைக்கிறவள், அவளிடம் காலி நூல்கட்டைகள் வாங்கி, மூங்கில் கழியில் ஆணி அடித்து மாட்டினான். நூல்கட்டையின் மேல் ஃபிலிம் வழுக்கிக்கொண்டு ஓடியது. வியாழன், வெள்ளி, சனி மூன்று நாளும் கொட்டகையில் யாருடைய படத்தையோ ஓட்டிக்கொண்டு அவன் மனசெல்லாம் இதிலேயே இருந்தது. ஞாயிறு காலையில் மெஷின் விளக்குக்காகக் கொட்டகை லாரியின் பாட்டரியைக் கெஞ்சிக் கேட்டு வாங்கி, ரயிலில் மடியில் வைத்துக்கொண்டு வந்தான்.

சாக்குக் கிடங்கில் ஜன்னலுக்கெல்லாம் கோணி கட்டி இருட்டாக்கியிருந்தார்கள். காம்பே வந்திருந்தது. பதினேழு பெண்களும் முன்னால் தரையில் உட்கார வைக்கப்பட்டார்கள், புருஷன்மார் பின்னால் சுவரோரம். முசியே ஆன்றிக்கு நாற்காலி. பக்கத்தில் சிர்தார். சர்க்கரைச் சாக்கு வாசனையும் ஈர உடுப்பு வாசனையும் மூச்சை அடைத்தது. தலைக்கு மேலே கழிக்குக் கழி ஃபிலிம் ஓடுகிற வழியை எல்லோரும் அண்ணாந்து பார்த்தார்கள்.

"இது என்ன, துணி காயப்போடற கொடியா?" என்றார் முசியே.

"இந்த மெஷினுக்கு இப்படித்தான், முசியே" என்றான் ஐயாசாமி. சுற்ற ஆரம்பித்தான். நூல்கட்டைகள் கிறீச்சிட்டன. மனசுக்குள் மேளம் தப்பாமல் விழுந்ததும் மூடியைத் திறந்தான்.

சுவரில் கால். உட்கார்ந்தது. ஒரு குளம்பு போயிற்று. இன்னொரு கால் எழுந்தது. ஒரு கை சோகையை உருவியது. கால் உட்கார்ந்தது, உட்கார்ந்தது. ஒரு துண்டை அவன் அவசரத்தில் தலைகீழாக ஒட்டியிருக்கிறான் போலிருக்கிறது, தண்டவாளம் கூரையில் இருந்தது, இரண்டு கால் அதிலிருந்து தொங்கி மேலே போயிற்று. பிள்ளைகள் கொல்லென்று சிரித்தன. வளையம் சுற்றி வந்தது. மறுபடி கால், குளம்பு, கை.

"எங்கே ஆரம்பம்?" என்றார் முசியே.

"ஆரம்பம் இல்லை, முசியே."

"முடிவு?"

"அதுவும் இல்லை."

"முட்டாளே, எல்லாப் படத்துக்கும் ஆரம்பம் உண்டு! ராமசந்திரன், முதல்ல உட்கார்ந்தது யாரு?"

சிர்தார் கண்ணைச் சுருக்கிக்கொண்டு சுவருக்குக் கிட்டே போனான். "அது... இது பூங்காவனம் காலு. இது யொலாந்த். இது... முசியே, எல்லாரும் உட்கார்றாங்க."

இதுவரைக்கும் எல்லாம் ஐயாசாமி நினைத்தபடிதான் நடந்தது. அடுத்து நடந்ததை அவன் கனவிலும் நினைக்கவில்லை. பூங்காவனம் எழுந்து நின்று சுவரைக் கையால் காட்டினாள்.

"அதோ! அது என் காலு! பாருங்க, எவ்வளவு ஜோரா உட்கார்றேன்! நான்தானே முதல்ல உட்கார்ந்தேன்!"

ஐயாசாமிக்கு மேளம் நின்றுபோயிற்று. அடிப்பாவி! அஞ்சு பிள்ளைக்காரி, வாயாலேயே வீட்டைக் காலி பண்ணிவிட்டாளே! கை மட்டும் பழக்கத்தில் சுற்றிக்கொண்டிருந்தது.

"யாரு, நீயா?" என்று யொலாந்த் எழுந்தாள். "என் பிள்ளை தண்டவாளத்துல கிடந்தான். நான் அங்கயே உட்கார்ந்துட்டேன். நீ அப்புறம்தான் வந்தே!"

"மாந்தேர்! பொய்க்காரி! நீ பிள்ளையைத் தூக்கிக்கிட்டு அழுதுக்கிட்டு நின்னே!"

"ரெண்டு பேரும் வாயை மூடுங்க" என்றாள் பின்னால் இருந்த ஒருத்தி. "நான் உட்கார்ந்தப்போ தண்டவாளம் காலியா இருந்துச்சு. என் கண்ணால பார்த்தேன். அதோ, அந்தக் காலு என்னுது."

"அது உன் காலா? அது என் காலு! கணுக்கால்ல முடிச்சைப் பாரு!"

"எல்லாரும்தான் அங்க முடிச்சுப் போடறோம்!"

பயம் எங்கே போயிற்றோ தெரியவில்லை. சுவரில் தன் காலைப் பார்த்ததும் அவ்வளவுதான், எதிரே யார் உட்கார்ந்திருக்கிறார் என்பதே மறந்துவிட்டது. பிறந்ததிலிருந்து அந்தக் கால்களை யார் பார்த்திருக்கிறார்கள்? அவர்களே பார்த்ததில்லை. இப்போது சுவர் உயரத்துக்கு ராணி மாதிரி வந்து உட்காருகிறது! யார்தான் இரண்டாவதாக உட்காருவார்கள்? ஏழு பேர், எட்டு பேர் என்று போய் எல்லோருமே எழுந்துவிட்டார்கள். வேலைக்கே அன்றைக்கு வராத ஒருத்தி கூட நான்தான் என்று கத்தினாள். தெய்வானை விளங்குகிற கையைத் தூக்கிக்கொண்டு, "நான்தான் எல்லாருக்கும் காரணம், என்னை விட்டுட்டீங்களே" என்று தனியாக ஒரு சண்டை போட்டாள்.

ஒருத்தி மட்டும் உட்கார்ந்தே இருந்தாள். கண்ணம்மா புடவைத் தலைப்பைப் பல்லில் கடித்துக்கொண்டிருந்தாள். வளையம் சுற்றி வர வர அவள் கால் சுவரில் வந்தது, உட்கார்ந்தது, போயிற்று. ஐயாசாமிக்கு அவள் முதுகு மட்டும்தான் தெரிந்தது. அது விறைத்துக்கொண்டே வந்தது. வேண்டாம்டி, வேண்டாம்டி என்று அவன் மனசுக்குள்ளே கும்பிட்டான்.

அவளால் முடியவில்லை. எழுந்துவிட்டாள்.

"எல்லாம் பொய்! நான்தான்! நான்தான் முதல்ல உட்கார்ந்தேன்! கட்டைக் கீழ போட்டுட்டு ரயிலுக்கு நேரா போய் உட்கார்ந்தது நான்!"

ஐயாசாமி கண்ணை மூடிக்கொண்டான்.

"போடி இவளே!" என்றாள் பூங்காவனம். "உனக்கு அந்த மரத்துல பிள்ளையா இருக்கு, தூளியா இருக்கு? நீ எதுக்கு முதல்ல உட்காரப் போறே? எனக்குப் பின்னால வந்து என் பக்கத்துல ஒண்டிக்கிட்டே, நான்தான் தள்ளி உட்கார்ந்து இடம் கொடுத்தேன்!"

"அதானே" என்றார்கள் நாலைந்து பேர். யொலாந்த் கூட, "கண்ணம்மா நல்லவதான், ஆனா முதல் எல்லாம் இல்லை" என்றாள்.

சிர்தார் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தான். "முசியே, பதினேழும் முதல்னு சொல்லுதுங்க. பதினெட்டாகவே ஆயிடுச்சு."

முசியே ஆன்றி நாற்காலியை விட்டு எழுந்தார். பதினேழு வீட்டைக் காலி பண்ண வைத்தால் நாளைக்குக் கட்டுத் தூக்க ஆள் கிடையாது, வயலில் வெட்டின கரும்பு கிடக்கிறது. அது அவருக்கும் தெரியும், பெண்களுக்கும் தெரியும். சுவரை இன்னொரு தடவை பார்த்தார். அங்கே கால்கள் உட்கார்ந்துகொண்டே இருந்தன. "இது சினிமாவே இல்லை" என்றார். "நாளைக்கு எல்லாரும் நேரத்துக்கு வேலைக்கு வரணும்." தொப்பியை வைத்துக்கொண்டு வெளியே போனார். சிர்தார் பின்னாலேயே ஓடினான். கதவு திறந்து வெளிச்சம் வந்தது, சுவரில் கால்கள் வெளுத்துப் போயின. "கதவை மூடுங்கப்பா!" என்று பதினேழு பேரும் ஒரே குரலில் கத்தினார்கள்.

பாட்டரி தீர்கிற வரைக்கும் ஓட்டச் சொன்னார்கள். ஓட்டினான். கை ஓய்ந்தபோது ஒருத்தியின் புருஷன் வந்து சுற்றிக் கொடுத்தான், தாளம் இல்லாமல் சுற்றினதில் கால்கள் ஓடி ஓடி உட்கார்ந்தன, சிரிப்பு தாங்கவில்லை. ஐயாசாமி கழியில் சாய்ந்துகொண்டு பார்த்தான். இரண்டு வருஷமாக இந்தச் சனங்களை எடுத்திருக்கிறான், அவர்கள் அதைப் பார்த்து, என்னுது என்னுது என்று அடித்துக்கொண்டது இன்றைக்குத்தான். வாழ்க்கையில் இவ்வளவு சந்தோஷம் அவன் பட்டதில்லை.

மெஷினைத் தோளில் வைத்துக்கொண்டு காம்புக்குத் திரும்பும்போது கண்ணம்மா நாலடி முன்னால் விறுவிறுவென்று போனாள். வீடு பிழைத்தது, பூங்காவனம் பிழைத்தாள், தெய்வானை மரத்தடியில் இருக்கிறாள். ஆனாலும் அவள் முகம் கடுகடுவென்றே இருந்தது.

"பின்னால வந்து ஒண்டிக்கிட்டேனாம்! இடம் கொடுத்தாளாம்!"

"விடுடி. வீடு தப்பிச்சுதே."

"வீடு கிடக்கட்டும். நான் முதல்ல உட்கார்ந்தேனா இல்லியா? நீ பார்த்தியா இல்லியா?"

"பார்த்தேன். நீதான். உனக்கு முன்னால அங்க யாருமே இல்லை. பெட்டியில கண்ணை வச்சுக்கிட்டு இருந்தேன். என் பெண்டாட்டிடா இவள்னு நினைச்சேன்."

அவள் நின்றாள். திரும்பிப் பார்த்தாள். கோபம் இன்னும் மூக்கு நுனியில் இருந்தது, உதடு மட்டும் பேச்சுக் கேட்கவில்லை.

"நீ சொல்லி என்ன பிரயோஜனம்? கட்டின புருஷன் சாட்சியை எவ நம்புவா?"

சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். சிரித்துச் சிரித்து ரோட்டோரத்துக் கல்லில் உட்கார்ந்துவிட்டாள். அவன் மெஷினை இறக்கி வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தான்.

"அடுத்த ஞாயிறு பாட்டரி கிடைக்குமா?" என்று கேட்டாள்.

"கேக்கணும். எதுக்கு?"

"மேல் தோட்டத்துப் பொம்பளைங்க பார்க்கணுமாம். அங்கயும் பிள்ளை பார்க்கறவளை வயலுக்கு அனுப்பிட்டாங்களாம்."

"அவங்க காலு இதுல இல்லியே."

"நீ போடு" என்றாள் கண்ணம்மா. "இருக்குன்னு சொல்வாங்க."